பதினேழிலிருந்து இருபத்துமூன்றுக்கு

நாரின் ஆற்றுக்கு இந்தப் பக்கம் பதினேழாம் மண்டலம்,
அந்தப் பக்கம் இருபத்துமூன்று.
நடுவே பாலம் இருக்கிறது, பதினான்கு கிலோமீட்டர் சாலையும்.
என் அட்டவணையில் இரண்டும் சந்திக்கும் கட்டத்தில் மட்டும்
ஒரு சுழி.

மற்றக் கட்டங்களில் ஏதாவது நகர்கிறது.
நிலக்கரி வடக்கே, நாளுக்கு நானூற்றுப் பன்னிரண்டு டன்.
கணவாய் வழியே சீனத்து டயர்கள், குளிர்பதனப் பெட்டிகள்.
இலையுதிர் காலத்தில் மலையிறங்கும் செம்மறிகளுக்குத் தனிப் பத்தி:
அவற்றுக்கு இருக்கை வேண்டாம்,
ஆனால் சாலையை அடைத்துக்கொள்ளும்.

இவற்றையெல்லாம் இரண்டாயிரத்து நாற்பதுக்குக்
கொண்டுபோய்ச் சேர்ப்பது என் உத்தியோகம்.
பெரிய ஊர் பெரிதாக இழுக்கும்,
தூரம் கூடினால் இழுப்பு தளரும். வாய்பாடு அவ்வளவுதான்.
பிறகு வளர்ச்சி விகிதத்தால் பெருக்கல்.
நூறு, நூற்றெழுபது ஆகிறது.
எட்டு, பதின்மூன்றரையும் சொச்சமும்.
(அந்த அரை ஆள் எங்கே உட்காருவார் என்று
சேர்ந்த புதிதில் நானும் கேட்டிருக்கிறேன்.)
சுழியை எதனால் பெருக்கினாலும்
சுழி.

கணக்கெடுப்புத் தாள்கள் நான்கு சாக்குகளில் வந்தன.
ஜோல்தோஷ் என்றொரு பையன்,
உறைகுளிரில் பேனா மை கட்டிக்கொண்டதால் பென்சிலில் எழுதியவன்,
ஒரு தாளின் ஓரத்தில் கிறுக்கியிருந்தான்:

"எங்கே போகிறீர்கள் என்று கேட்டேன்.
போகவில்லை, வண்டி வந்தால் போவேன் என்றார்.
எந்தக் கட்டத்தில் குறி போட?"

பெயர் கன்ஷாயிம். வயது நாற்பத்தாறு.
இரண்டு கேன் பால், முப்பத்தெட்டு லிட்டர்.
பால் வாங்கும் நிலையம் இருபத்துமூன்றில்.
டாக்ஸி வைத்தால் பால்காசு மொத்தமும் டாக்ஸிக்கே.
ஆகவே தயிராக்கி, வடித்து, உப்பிட்டு, உருட்டிக் காயவைத்து
நிலக்கரி லாரிக்காரர்களுக்கு விற்கிறாள்,
நிறுத்தத்தில் நின்றபடி.
எல்லாப் படிவங்களும் அவளைக் கடந்து போயிருக்கின்றன.

வேன் உரிமையாளரைத் தொலைபேசியில் பிடித்தேன்.
"ஆளில்லாத ரோட்டில் டீசலை ஊற்றச் சொல்கிறீர்களா அம்மா?"

ஆள் இல்லையென்று வேன் போவதில்லை.
வேன் போவதில்லையென்று ஆள் இல்லை.
ஆற்றிலும் இதற்குச் சுழி என்றுதான் பெயர்.
கரையிலிருந்து பார்த்தால் நடுவில் ஒரு வெற்று வட்டம்,
கால் வைத்தவருக்குத் தெரியும் இழுவை.

சுழியை அழித்தேன்.
ஒன்று என்று போட்டேன்.

கூட்டத்தில் எசெங்குலோவ் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றினார்.
"இந்த ஒன்று எங்கிருந்து வந்தது?"
"தாளின் ஓரத்திலிருந்து."
சிரித்தார்கள்.
கேனோடு வருபவர் சரக்கு என்றது பயணிகள் பிரிவு.
முப்பத்தெட்டு லிட்டர் எங்கள் கணக்கில் தூசு என்றது சரக்குப் பிரிவு.
ஒரு பெண்ணை இந்த மேசைக்கும் அந்த மேசைக்குமாக
இருபது நிமிடம் தள்ளினார்கள், தேநீர் ஆறும்வரை.
கடைசியில், சரி, இருக்கட்டும்,
அடிக்குறிப்போடு, தற்காலிகமாக.

இரவு முழுக்கக் கணினி ஓடியது.
காலையில் இரண்டாயிரத்து நாற்பது:
பதினேழிலிருந்து இருபத்துமூன்றுக்கு
ஒன்று புள்ளி ஏழு.
ஒரு பேருந்து கிளம்பப் பதினெட்டு வேண்டும்.

நான் ஒன்றும் சாதித்துவிடவில்லை.
ஒரு பெண்ணும், பதினாறு ஆண்டுகள் கழித்து
அவளோடு ஒட்டிக்கொண்ட இன்னொருவரின் முக்கால்வாசியும்
வராத வண்டிக்காக இப்போது
கோப்புக்குள் நிற்கிறார்கள், அவ்வளவே.

மாலையில் ஜோல்தோஷுக்குப் போன் போட்டேன்.
அடுத்த முறை நிறுத்தத்தில் நிற்காதே,
வெளியே கிளம்பாதவர்களின் கதவைத் தட்டு,
எங்கே போகவில்லை என்று கேள் என்றேன்.

கொஞ்ச நேரம் காற்று மட்டும் கேட்டது.

"எத்தனை பென்சில் தருவீர்கள்?" என்றான்.